நானூற்று எண்பதாவது டைல்

சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு டைல்ஸ் மேஸ்திரியின் இரண்டு கால்கள் மட்டும் மகளின் கட்டிலுக்கு வெளியே தெரிந்தன. மீதி மேஸ்திரி கட்டிலுக்கு அடியில் இருந்தார்.

"நானூத்தி அறுபத்தி நாலுதான் வருது," என்று அடியிலிருந்து குரல் வந்தது. "பதினாறு குறையுது."

"நல்லா எண்ணுங்க," என்றாள் அறை வாசலில் நின்ற மனைவி.

"மூணு தடவை எண்ணிட்டேன். டைல்ஸ் எண்றதுல நான் தப்பு பண்ணுவேனா?"

அது நியாயமான கேள்விதான். ஊரில் பாதிப் பேர் நடப்பது அவர் ஒட்டிய தரையில். இரண்டு டைல்ஸுக்கு நடுவே உள்ள இடைவெளி தலைமுடி அளவுக்குக் கோணினாலும் அவருக்கு அன்று சாப்பாடு இறங்காது. இந்த வீட்டை வாங்கியபோதும் தரை முழுவதையும் அவரே ஒட்டினார். ஓரடி டைல்ஸ், மொத்தம் தொள்ளாயிரத்து அறுபது.

பாங்க்கில் வாங்கிய கடன் இருபது லட்சம். இருபது வருடம், இருநூற்று நாற்பது தவணை. தொள்ளாயிரத்து அறுபதை இருநூற்று நாற்பதால் வகுத்துப் பார்த்தார். மிச்சம் மீதி இல்லாமல் நான்கு வந்தது. அப்படி அழகாக வகுபடும் கணக்கு தப்பாக இருக்கவே முடியாது என்று அன்றே முடிவு செய்துவிட்டார்.

அன்று முதல் ஒவ்வொரு மாதமும் தவணை போனதும், கடையில் விற்கும் வட்டமான மஞ்சள் ஸ்டிக்கர் பொட்டு நான்கை எடுத்து, நான்கு டைல்ஸின் மூலையில் ஒட்டுவார். பொட்டு இருந்தால் நம்முடையது, இல்லாவிட்டால் பாங்க்குடையது. சமையலறையில் தொடங்கிய பொட்டுகள் குளியலறை, நடை, ஹால் என்று வருடக்கணக்கில் முன்னேறி, இப்போது மகளின் அறைக்குள் வந்திருந்தன. பத்து வருடம் நேற்றோடு முடிந்தது. கணக்குப்படி மகள் அறையின் ஜன்னல் ஓரத்தில் நானூற்று எண்பதாவது பொட்டு இருக்க வேண்டும். அதோடு பாதி வீடு சொந்தம்.

அதைக் கொண்டாடத்தான் நாளைக்கு அறுபது பேரை அழைத்திருந்தார். அறுபது பேரில் ஐம்பத்தொன்பது பேரைப் பற்றி அவருக்குக் கவலை இல்லை. மீதி ஒருவர் அவருடைய அண்ணன்.

அண்ணன் பஸ் டிப்போவில் டைம் கீப்பர். சட்டைப் பையில் எப்போதும் ஒரு குறிப்பு நோட்டு இருக்கும். இருபது வருடமாக ஒரே வாடகை வீட்டில் குடியிருக்கிறார். தம்பி கடன் வாங்கி வீடு வாங்கிய அன்று, எல்லோர் முன்னாலும் நோட்டைத் திறந்து, தேதி போட்டு, 'தம்பி கடனில் விழுந்த நாள்' என்று எழுதிக்கொண்டார். அதன் பிறகு பார்க்கும்போதெல்லாம் அந்தப் பக்கத்தைப் புரட்டிக் காட்டுவார்.

அந்தப் பக்கத்தை நாளைக்கு அண்ணன் கையாலேயே அடிக்க வைக்க வேண்டும் என்பதுதான் மேஸ்திரியின் பத்து வருட ஆசை. "பாதி வீடு என்னோடதுண்ணே, வந்து கண்ணால பாருங்க" என்று போனில் சொல்லியாகிவிட்டது. "பொட்டு முடியற கோடு எங்க இருக்குன்னு காட்டு, ஒத்துக்கறேன்" என்று அண்ணனும் சொல்லிவிட்டார். இப்போது பதினாறு பொட்டு குறைகிறது.

"நாலு மாசம் வெளியூர் வேலைக்குப் போனீங்களே, அப்ப ஒட்டாம விட்டிருப்பீங்க," என்றாள் மனைவி.

"நான் விட்டாலும் பாங்க் விடுமா? தவணை நூத்தி இருபது போயிருக்கணும். அந்த ஃபைலை எடு, பாத்துட்டு ஒட்டிடலாம்."

பேசாமல் பதினாறு பொட்டை ஒட்டிவிட்டுக் கையைக் கழுவியிருந்தால் இந்தக் கதையே இல்லை. ஆனால் மேஸ்திரிக்கு எதையும் சரிபார்க்காமல் ஒட்டிப் பழக்கம் கிடையாது.

மனைவி மருந்துக் கடையில் பில் போடுகிறவள். எண்கள் வரிசையாக இருக்கும் தாளைக் கண்டால் மேலிருந்து கீழாகப் படித்துவிடுவாள். கடன் வாங்கிய அன்று பாங்க் கொடுத்த அட்டவணையைப் பத்து வருடத்தில் முதல் தடவையாகப் பிரித்துப் படித்தாள். படிக்கப் படிக்க அவள் முகம், காலாவதியான மருந்தைக் கையில் எடுத்ததுபோல மாறியது.

"ஏங்க, நாம மாசம் எவ்வளவு கட்டறோம்?"

"பதினெட்டாயிரத்து அறுநூத்தி நாப்பத்தி மூணு. தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன்."

"முதல் மாசம் கட்டினதுல வட்டி பதினஞ்சாயிரத்து எண்ணூத்தி முப்பத்தி மூணுன்னு போட்டிருக்கு. அசலுக்குப் போனது ரெண்டாயிரத்து எண்ணூத்திப் பத்து."

மேஸ்திரியின் தலை கட்டிலுக்கு வெளியே வந்தது. "அப்படின்னா?"

பள்ளி இறுதி வகுப்பில் படிக்கும் மகள் அதற்குள் போனில் தட்டிவிட்டாள். "இருபது லட்சத்தை டைல்ஸால வகுத்தா, ஒரு டைல் ரெண்டாயிரத்து எண்பத்தி மூணுப்பா. முதல் மாசம் நீங்க நாலு பொட்டு வெச்சீங்க. வாங்கினது ஒண்ணேகால் டைல்தான்."

"முதல் மாசம் அப்படித்தான் இருக்கும். போகப் போகச் சரியாயிடும்."

"போகப் போக வட்டி குறையும், அசல் ஏறும், அது சரி," என்றாள் மனைவி, விரலை நூற்று இருபதாவது வரியில் வைத்தபடி. "ஆனா மெதுவா ஏறுது. பத்து வருஷம் முடிஞ்ச அன்னிக்குப் பாக்கி பதினாலு லட்சத்து நாப்பத்தோராயிரம். அசல்ல கழிஞ்சது அஞ்சரை லட்சம் சொச்சம்."

"இருநூத்தி அறுபத்தெட்டு டைல்ஸ்," என்றாள் மகள். பிறகு எழுந்து போய் ஹாலில் எண்ணிப் பார்த்துவிட்டு வந்தாள். "கோடு சோஃபா காலுக்கு முன்னாடியே நின்னுடுதுப்பா. டிவி பாங்க் பக்கம் போயிடுச்சு. என் ரூமும் பாங்க்கோடதுதான். அப்ப இனிமே பாங்க்கே வந்து பெருக்கட்டும்."

மேஸ்திரி அட்டவணையை வாங்கிப் பார்த்தார். தரையில் கோடு கோணலாக இருந்தால் அவர் டைலைப் பெயர்த்து மறுபடி ஒட்டுவார். இப்போது பத்து வருடக் கோடு கோணலாக இருந்தது.

"இது பத்து வருஷத்துக்கு முந்தின தாள்," என்று எழுந்தார். "இன்னிக்குக் கணக்கு என்னன்னு பாங்க்ல கேட்டுட்டு வந்துடறேன். நல்லதா ஏதாவது சொல்வாங்க."

பாங்க்கில் கடன் பிரிவு அம்மையார் பொறுமையானவர். கணினித் திரையை மேஸ்திரி பக்கம் திருப்பினார்.

"உங்க பாக்கி பதினஞ்சே முக்கால் லட்சம் சார்."

"மேடம், தாள்ல பதினாலு லட்சம் சொச்சம்னு இருக்கு."

"நடுவுல ரெண்டு தடவை வட்டி விகிதம் ஏறிச்சு. தவணையை ஏத்தினா உங்களுக்குச் சிரமம்னு, தவணையை அப்படியே வெச்சுக்கிட்டு மாசத்தை நீட்டியிருக்கோம். லெட்டர் அனுப்பினோமே."

லெட்டர் வந்தது உண்மை. நல்ல தடித்த தாள். பின்பக்கம் வெறுமையாக இருந்ததால் மேஸ்திரி அதில் யார் வீட்டுக் குளியலறை அளவையோ எழுதிக்கொண்டார். தவிர, 'பத்து வருஷமா என் தவணை ஒரு பைசா ஏறல, பாங்க்னா இதுதான் பாங்க்' என்று ஊரெல்லாம் பெருமையாகச் சொல்லி, இரண்டு பேரை இதே பாங்க்கில் கடன் வாங்கவும் வைத்திருந்தார்.

"எத்தனை மாசம் நீட்டியிருக்கீங்க?"

"முப்பத்தாறு. இருநூத்தி நாப்பது இப்ப இருநூத்தி எழுபத்தாறு."

மேஸ்திரி மனதுக்குள் பெருக்கினார். டைல்ஸ்காரருக்குப் பெருக்கல் சொல்லிக் கொடுக்க வேண்டியதில்லை. பெருக்கி முடித்ததும் எதிரில் இருந்த தண்ணீர் டம்ளரைக் கேட்காமலே எடுத்துக் குடித்தார். அது அந்த அம்மையாருடைய தண்ணீர்.

"அம்பத்தோரு லட்சத்து நாப்பத்தஞ்சாயிரம் சொச்சம் வருதே மேடம்."

"ஆமா சார். மொத்தமா அவ்வளவு வரும்."

"வீட்டுக்கு நான் வாங்கினது இருபது. அப்படின்னா ரெண்டரை வீட்டுக்குக் காசு கட்டி, ஒரு வீட்டுல குடியிருக்கேன்."

அம்மையார் அதை மறுக்கவில்லை. "எல்லாருக்கும் அப்படித்தான் சார். இவ்வளவு வெளிப்படையா யாரும் வகுத்துப் பார்க்கறதில்ல."

"இதுவரைக்கும் இருபத்திரெண்டு லட்சத்துக்கு மேல கட்டியிருக்கேன். கழிஞ்சது நாலேகால் லட்சம். அதாவது இருநூத்தி நாலு டைல்ஸ்."

"டைல்ஸா?"

மேஸ்திரி விளக்கினார். கேட்டுமுடித்த அம்மையார் சுற்றுமுற்றும் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, "கையில ஏதாவது பணம் இருக்கா சார்? தவணைக்கு மேல தனியாக் கட்டினா, அது முழுக்க அசலுக்குப் போகும்" என்றார்.

"முழுக்கவா? வட்டிக்கு ஒண்ணும் போகாதா?"

"போகாது."

"பத்து வருஷமா இதை ஏன் யாருமே சொல்லல?"

"நீங்க கேக்கல சார்."

மேஸ்திரியின் சட்டைப் பையில் முப்பதாயிரம் இருந்தது. நாளைய அறுபது பேர் சாப்பாட்டுக்குச் சமையல்காரரிடம் கொடுக்கப் போகும் வழியில்தான் பாங்க்குக்கு வந்திருந்தார். ஒரு பக்கம் அறுபது இலை, இன்னொரு பக்கம் பதினான்கு டைல்ஸ். அவர் நெடுநேரம் யோசித்தார் என்று எழுதத்தான் ஆசை. ஆனால் ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

"இப்ப கட்டினா, கடைசியில ஆறு தவணை குறையும் சார்," என்று ரசீதைக் கொடுத்தார் அம்மையார்.

இப்போது முப்பதாயிரம் கட்டினால், கடைசியில் லட்சத்துப் பத்தாயிரத்துக்கு மேல் கட்ட வேண்டாம். மேஸ்திரி ரசீதை மடிக்காமல், கண்ணாடி எடுத்துப் போகிறவர் மாதிரி இரண்டு கையாலும் பிடித்தபடி வீட்டுக்கு வந்தார்.

"சாப்பாட்டுக்குச் சொல்லிட்டீங்களா?" என்றாள் மனைவி.

"பதினாலு டைல்ஸ் வாங்கிட்டேன்."

"சாப்பாடு?"

"அசலுக்குப் போயிடுச்சு."

மனைவி திட்டத் தொடங்கினாள். திட்டிக்கொண்டே ரசீதைப் படித்தாள். ஆறு தவணை குறையும் என்ற இடம் வந்ததும் திட்டு நின்றுவிட்டது. போனை எடுத்து, வரவேண்டாம் என்று ஒவ்வொருவராகக் கூப்பிட்டுச் சொன்னாள். மேஸ்திரியோடு வேலை செய்யும் நான்கு பேர், "சாப்பாடு இல்லாட்டி என்ன, டீயாவது இருக்கும்ல" என்றார்கள். அண்ணன் மட்டும், "லீவு போட்டாச்சு, வந்தே தீருவேன், கோட்டைப் பாக்கணும்" என்றார்.

"அப்ப பொட்டை அப்படியே விட்டுடுங்க," என்றாள் மனைவி மெதுவாக. "நாளைக்கு ஒரு நாள்தானே. பெரியவருக்கு என்ன தெரியப் போகுது?"

மேஸ்திரி ஹாலில் உட்கார்ந்து பொட்டுகளைப் பார்த்தார். அப்படியே விட்டால் அண்ணன் ஒத்துக்கொள்வார். பத்து வருட ஆசை நிறைவேறும். ஆனால் அவர் எங்கே உட்கார்ந்தாலும் கோடு கண்ணில் குத்தியது.

"தப்பான இடத்துல கோடு போட்டுட்டு அதுமேல மனுஷங்களை உக்கார வைக்க எனக்கு வராது," என்றவர் சுரண்டும் தகட்டை எடுத்துக்கொண்டு முட்டி போட்டார்.

இருநூற்று நாற்பத்தாறு பொட்டுகளையும் உரித்து முடிக்கச் சாயங்காலம் ஆனது. மகளும் தன் அறையை, முனகிக்கொண்டே, தானே உரித்துப் பாங்க்கிடம் ஒப்படைத்தாள். உரித்த பிறகுதான் அடுத்த சிக்கல் தெரிந்தது. வருடக்கணக்கில் மூடியிருந்ததால் பொட்டுக்கு அடியில் தரை புத்தம் புதிதாக மின்னியது. சுற்றிலும் கால்பட்டு மங்கிய தரை, நடுவில் வரிசை வரிசையாகப் பளபளக்கும் வட்டங்கள். துடைத்தார், இன்னும் பளபளத்தது. பாய் விரித்தார், பாய் போதவில்லை. இருநூற்றுப் பதினெட்டில் மஞ்சள் கோடு நிற்க, அதற்கு அப்பால் அவர் இழந்த நாடு முழுவதும் யார் வேண்டுமானாலும் பார்க்கும்படி மின்னிக்கொண்டிருந்தது.

ஞாயிற்றுக்கிழமை மூன்று மணிக்கு அண்ணன் வந்தார். பின்னால் அண்ணி. அண்ணி அதிகம் பேசாதவர். அண்ணனோடு வாழ்கிறவர்களுக்குப் பேச இடமும் கிடைப்பதில்லை. அவர் கையில் ஒரு பெரிய இனிப்பு டப்பா இருந்ததைப் பார்த்து மேஸ்திரியின் மனைவி திகைத்துப் போனாள். இந்த வீட்டுக்கு அண்ணன் இதுவரை ஒரு வாழைப்பழம்கூடக் கொண்டுவந்ததில்லை.

"எதுக்கு மாமா இதெல்லாம்?"

"சும்மாதான், வீட்டுல இருந்துச்சு," என்று அண்ணன் வேகமாகத் தரையைப் பார்த்தார். "என்னடா இது, ஏரியில தண்ணி வத்தின மாதிரி இருக்கு? பாதி வீடுன்ன. கோடு நடைக்குப் பக்கத்துலயே நிக்குது?"

வேலைத் தோழர்கள் நான்கு பேரும் டீ டம்ளரோடு நின்றார்கள். எதையும் மறைக்க முடியாது என்பதால் மேஸ்திரி எதையும் மறைக்கவில்லை. அட்டவணை, லெட்டர், இருபத்திரண்டு லட்சம், நாலேகால் லட்சம், ஐம்பத்தோரு லட்சம் எல்லாவற்றையும் ஒன்று விடாமல் சொன்னார். அண்ணன் நோட்டைத் திறந்து குறித்துக்கொண்டே வந்தார். அவர் முகத்தில் இருந்த நிறைவைப் பார்த்தால், சாப்பாடு போட்டிருந்தால்கூட அவ்வளவு வயிறு நிறைந்திருக்காது என்று தோன்றியது.

"ரெண்டரை வீட்டுக் காசு. நான் அன்னிக்கே எழுதினேன்," என்றார் அண்ணன். "இருபது வருஷத்துல ஒரு பைசா வட்டி கட்டியிருப்பேனா? குழாய் உடைஞ்சா வீட்டுக்காரன் ஓடி வரான். மாசம் பொறந்தா அவன் சொன்ன பாங்க் கணக்குல வாடகையைப் போட்டுட்டு நிம்மதியாத் தூங்கறேன். உனக்கு என்ன மிச்சம் சொல்லு?"

மேஸ்திரி நடந்துபோய் மஞ்சள் கோட்டுக்கு உள்ளே நின்றார்.

"இருநூத்திப் பதினெட்டு மிச்சம்ணே," என்றார். "நீங்க சொன்னது சரிதான், கணக்குத் தெரியாமத்தான் கையெழுத்துப் போட்டேன். இன்னிக்குத் தெரிஞ்சுடுச்சு. சமையலறை, குளியலறை, நடை, ஹால்ல பதினெட்டு. அவ்வளவுதான் என்னோடது. ஆனா இந்தப் பதினெட்டுல நான் காலை ஊனி நிக்கறேன். இதை ஒட்டினதும் நான், வாங்கினதும் நான். மாசா மாசம் கொஞ்சம் கொஞ்சமா அந்தக் கோட்டைத் தள்ளுவேன். முன்ன பொய்க் கோடு வேகமாப் போச்சு. இது மெதுவாப் போகும், ஆனா இருக்க வேண்டிய இடத்துல இருக்கும்."

மனைவிக்குக் கண் நிறைந்துவிட்டது. அந்த மனிதரைப் பார்க்க அவளுக்கு அவ்வளவு பெருமையாக இருந்தது. கோட்டுக்கு உள்ளே வந்து நின்று, தன் பையிலிருந்து ஆயிரம் எடுத்து, "திங்கக்கிழமை இதையும் அசலுக்குக் கட்டிடுங்க" என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னாள். தோழர்களில் மூத்தவர் டீ டம்ளரோடு வந்து கோட்டுக்கு உள்ளே உட்கார்ந்தார். பின்னாலேயே மற்ற மூவரும் வந்தார்கள். மகளும் வந்து அப்பாவை இடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். பதினெட்டு டைல்ஸில் ஏழு பேர் நெருக்கியடித்துக்கொண்டு இருக்க, பாங்க்குடைய ஹாலில் சோஃபாவில் அண்ணன் மட்டும் தனியாக இருந்தார்.

"உணர்ச்சி வேற, கணக்கு வேற," என்று அண்ணன் நோட்டை மூடினார்.

டீயோடு கடிக்க வீட்டில் ஒன்றுமில்லை. மனைவி இனிப்பு டப்பாவைத் திறந்து எல்லோருக்கும் நீட்டினாள். நல்ல கடை, நெய் வாசம் வந்தது.

"இவ்வளவு ஒசத்தியா வாங்கியிருக்கீங்களே, என்ன விசேஷம் பெரியப்பா?" என்றாள் மகள், வாய் நிறைய இனிப்போடு.

"அதான் சும்மான்னேனே," என்றார் அண்ணன், அண்ணியை ஒரு பார்வை பார்த்து.

அண்ணி அந்தப் பார்வையைக் கவனிக்கவில்லை, அல்லது இருபது வருடத்தில் முதல் தடவையாகக் கவனிக்க வேண்டாம் என்று முடிவு செய்தார். கவனமாகச் சேலையை ஒதுக்கிக்கொண்டு, மஞ்சள் கோட்டைத் தாண்டி வந்து மேஸ்திரியின் கையில் ஓர் இனிப்பை வைத்தார்.

"எங்க வீட்டு ஓனர் குடுத்தது தம்பி," என்றார் அண்ணி. "நாங்க வாடகை போடுற கணக்கு, அவரோட வீட்டுக் கடன் கணக்காம். நேத்தோட கடன் முழுசா முடிஞ்சிடுச்சாம். இருபது வருஷமா விடாமக் கட்டினது உங்கண்ணன்தானேன்னு, முதல் டப்பாவை இவர் கையிலயே குடுத்துட்டுப் போனார்."